தாவும் தவளையைத் தேடிப் போகிறவர்கள் செய்யும் தவறுகள்

போன ஜூனில் வால்பாறைப் பக்கம் ஒரு மழைக்காட்டுத் துண்டில், தவளைக் கணக்கெடுப்புக்குப் புதிதாக வந்த மூன்று பேர் முழங்கால் அளவு ஓடையில் இறங்கி வலையால் அலசிக்கொண்டிருந்தார்கள். பதினைந்து வருடத்துக்கு முன் நானும் இப்படித்தான் அலசினேன். வனத்துறை அனுமதி, அட்டைக்கடி, டார்ச் பேட்டரி எல்லாம் உங்களுக்கே தெரியும், அதை விட்டுவிடுகிறேன். நான் பேசுவது தாவும் தவளைகள் எனப்படும் இண்டிரானா பேரினத்தைப் பற்றி. மேற்குத் தொடர்ச்சி மலையைத் தவிர உலகில் வேறெங்கும் இல்லாத தவளைகள். காட்டுத் தரையில் சருகோடு சருகாக உட்கார்ந்திருக்கும்.

தலைப்பிரட்டையை ஓடையில் தேடுவது

தலைப்பிரட்டை என்றால் தண்ணீரில் நீந்தும் என்று பள்ளியில் படித்தது மனதில் ஊறிப்போயிருக்கிறது. இண்டிரானா நீர் கசியும் பாறையில் முட்டையிடும். பொரித்த குஞ்சு அதே பாறையில், மேலே வழியும் மெல்லிய நீர்ப்படலத்தில் ஒட்டிக்கொண்டு பாசியைச் சுரண்டித் தின்று வளரும். தட்டையான உடம்பு, நீண்ட வால், பாறையின் நிறமே நிறம். பின்னங்கால்கள் சீக்கிரமே வளர்ந்துவிடும். விரலைக் கிட்டே கொண்டுபோனால் தத்தி ஓடும்.

இது தெரியாமல் இரண்டு தென்மேற்குப் பருவமழை முழுக்க ஓடையிலேயே வலை போட்டேன். 'இனப்பெருக்கம் இல்லை' என்று எழுதிக் கொடுத்தேன். மூன்றாம் வருடம் மலைப்பாதையில் பஸ்ஸுக்குக் காத்திருந்தபோது, சாலைக்காக வெட்டிய பாறைச்சுவரில் சும்மா டார்ச் அடித்தேன். என் கண் உயரத்தில், கையகல இடத்தில், பதினோரு தலைப்பிரட்டைகள்!

இரண்டு வருட உழைப்பு வீணானதைக்கூடத் தாங்கிக்கொண்டேன். ஆனால் நான் 'இல்லை' என்று எழுதியதை நம்பி, நான் கணக்கெடுத்த இடத்திலிருந்த ஒரு பாறைச்சரிவின் ஊற்றுநீரைக் குழாய் போட்டுத் திருப்பிவிட்டார்கள். இன்று ஜூலை மழையிலும் மழை நின்ற அரை மணி நேரத்தில் அந்தப் பாறை காய்ந்துவிடுகிறது. அதைத் தாண்டிப் போகும்போதெல்லாம் என் மேலேயே எரிச்சல் வருகிறது. பார்க்காத இடத்தைப் பற்றி 'இல்லை' என்று எழுதாதீர்கள். 'ஓடையில் தேடினேன், பாறையில் தேடவில்லை' என்று எழுதுங்கள்.

சரி, எப்படித் தேடுவது? டார்ச்சை நேராக அடிக்காமல் பாறையை ஒட்டிச் சாய்த்துப் பிடியுங்கள். ஈரத்தில் வாலின் நிழல் தனியாகத் தெரியும். வழுக்குகிறதே என்று பாறையில் கையை ஊன்றவும் கூடாது, கை வைத்த இடத்தில் முட்டை இருக்கலாம்.

விரல்நுனியில் தட்டு இருந்தால் மரத்தவளை என்பது

இண்டிரானாவுக்கும் விரல்நுனி தட்டுபோல் அகன்றிருக்கும். வேறுபடுத்த, முதுகில் நீளவாக்கில் ஓடும் தோல்மடிப்புகளைப் பாருங்கள்.

நிறத்தை வைத்து இனம் சொல்வது

சொல்லாதீர்கள். ஒரே இனத்தில் நடுமுதுகில் கோடு உள்ளதும் இருக்கும், இல்லாததும் இருக்கும். 2016-இல் இந்தப் பேரினத்தில் புதிய இனங்களைப் பிரித்தபோது மரபணுவையும் சேர்த்துப் பார்த்துத்தான் பிரித்தார்கள்.

ஒரே பூட்ஸோடு அடுத்த ஓடைக்குப் போவது

தவளைகளைக் கொல்லும் கைட்ரிட் பூஞ்சை இண்டிரானாவிலும் இருப்பது 2011-இல் பதிவானது. பூட்ஸ், வலை இரண்டையும் சேறு போகத் தேய்த்துக் கழுவி, நன்றாகக் காயவைத்த பிறகே அடுத்த இடம். தவளையைக் கையில் எடுத்தே ஆகவேண்டுமென்றால் ஒவ்வொன்றுக்கும் புதுக் கையுறை.

மழை விட்டதும் கிளம்பிவிடுவது

இருங்கள். பாறை இன்னும் கசிந்துகொண்டுதான் இருக்கும்.