கவிதை இதழ் தொடங்குகிறவர்கள் செய்யும் சில தவறுகள்

கும்பகோணத்திலும் மயிலாடுதுறையிலும் புதிதாகக் கவிதை இதழ் தொடங்கும் இளைஞர்கள் அச்சகத்துக்குப் போகும் முன் என்னிடம் ப்ரூஃபைக் காட்டுகிறார்கள். எழுத்துப்பிழையைப் பற்றி நான் பேசுவதில்லை. அதைச் சொல்ல ஆயிரம் பேர் உண்டு. எழுத்தாளர் எம்.வி. வெங்கட்ராம் இதே கும்பகோணத்திலிருந்து ‘தேனீ’ இதழை நடத்திக் கைப்பொருளை இழந்தார். பழைய குழிகள் எல்லாம் தெரிந்த குழிகள்தான். விழுகிறவர்கள்தான் புதியவர்கள்.

அனுமதி கேட்காத மொழிபெயர்ப்பு

எனக்கு இன்றும் எரிச்சலூட்டுவது இதுதான். “கவிதைதானே சார், அவர்களுக்கு எங்கே தெரியப்போகிறது?” என்கிறார்கள். தெரியும். நீங்கள் மொழிபெயர்த்த வெளிநாட்டுக் கவிஞரைப் படிக்கும் தமிழர் ஒருவர் டொராண்டோவிலோ பாரிஸிலோ இருப்பார். பெருமையோடு அவருக்கே அனுப்பிவைப்பார்.

இந்தியச் சட்டப்படி, எழுதியவர் இறந்த பின் 60 ஆண்டுகளுக்குப் பதிப்புரிமை உண்டு. (முன்பு 50தான். தாகூர் படைப்புகளின் உரிமை முடியும் நேரத்தில், 1992இல், பத்தைக் கூட்டினார்கள்.) சிலி நாட்டுக் கவிஞர் நெரூதா இறந்தது 1973இல், 2033 முடியும்வரை அனுமதி வேண்டும். நம் ஆட்கள் முதலில் கைவைப்பதோ அவரிடம்தான். 1926இல் இறந்த ரில்கேவுக்கும் 1933இல் இறந்த கவாஃபிக்கும் அந்தத் தடை இல்லை.

விவரமறிந்தவர்கள் சறுக்குவது இந்த இடத்தில்தான். கவாஃபி எழுதியது கிரேக்கத்தில். நாம் தமிழுக்குக் கொண்டுவருவது ஆங்கிலம் வழியாக. அந்த ஆங்கில வடிவத்துக்குத் தனி உரிமை உண்டு. மொழிபெயர்த்தவர் உயிரோடுகூட இருப்பார்.

நண்பர் ஒருவர் இப்படித்தான் மாட்டிக்கொண்டார். அட்டையையும் பொருளடக்கத்தையும் முன்கூட்டியே இணையத்தில் போட்டிருந்தார். பைண்டிங் முடிந்து பிரதிகள் கட்டுக்கட்டாகக் கிடந்தபோது ஆங்கில மொழிபெயர்ப்பாளரின் பதிப்பகத்திலிருந்து கடிதம் வந்தது. ஒரு தாளைக் கிழித்துவிட்டால் தீர்ந்தது என்று நினைத்தார். பதினாறு பக்க ஃபாரத்தில் (ஒரே காகிதத்தில் அச்சடித்து மடித்த கட்டு) தாள்கள் ஜோடி ஜோடியாக மடிந்திருக்கும். ஒன்றைக் கிழித்தால் தையலுக்கு அந்தப்புறம் உள்ள இணைத்தாளும் கழன்று வரும். அந்தத் தாளில் இருந்தது மன்னார்குடிப் பையன் ஒருவனின் முதல் கவிதை. கடைசியில் ஃபாரத்தையே திரும்ப அச்சடித்து, தையலைப் பிரித்து மறுபடி தைத்தார்கள். அடுத்த இதழுக்கு ஒதுக்கியிருந்த காசு அதில் கரைந்தது. அடுத்த இதழ் வரவேயில்லை.

கேட்பதற்கு ஒரு மின்னஞ்சல் போதும். எந்தக் கவிதை, எத்தனை பிரதி, தமிழில் யார் மொழிபெயர்ப்பது, பணம் தர இயலுமா என்று எழுதுங்கள். இயலாது என்றால் அதையும் வெளிப்படையாகச் சொல்லுங்கள். சிற்றிதழ் என்று தெரிந்தால் பணம் கேட்காமலே சம்மதிக்கிறவர்கள் இருக்கிறார்கள். பதில் வராததைச் சம்மதமாக எடுத்துக்கொள்ளாதீர்கள். வேறு கவிதையைப் பாருங்கள்.

உலகத்தையே ஒரே இதழில் அடைப்பது

டெட் ஹியூஸும் டேனியல் வைஸ்போர்ட்டும் 1965இல் மொழிபெயர்ப்புக் கவிதைக்கென்றே இதழ் தொடங்கியபோது, முதல் இதழில் கிழக்கு ஐரோப்பியக் கவிஞர்களை முன்னிறுத்தினார்கள். நம் இளைஞர்களின் முதல் இதழில் பதினைந்து நாடுகள், நாட்டுக்கு ஒரு கவிதை. படித்து முடித்தால் ஒருவரும் மனத்தில் நிற்பதில்லை.

பாமினி

யாழ்ப்பாணத்திலிருந்து வரும் கவிதை சில நேரம் இன்னும் யூனிகோடு அல்லாத பழைய பாமினி எழுத்துருவில் இருக்கும். யூனிகோடுக்கு மாற்றியபின் வரிகள் வெட்டப்பட்ட இடத்தை மூலத்தோடு ஒப்பிடுங்கள். பக்கம் வடிவமைத்ததும் கவிஞருக்கு பிடிஎஃப் அனுப்பி ஒப்புதல் வாங்குங்கள்.

ஐப்பசி, கார்த்திகையில் அச்சு

வேண்டாம். காகிதம் ஈரம் குடிக்கும்.

வெளிநாட்டுச் சந்தா

தபால் செலவை எடைபோட்டுப் பார்க்காமல் தொகை அறிவிக்காதீர்கள்.

ஐஎஸ்எஸ்என் எண்

இதழ்களுக்கான இந்தப் பன்னாட்டு அடையாள எண்ணை டெல்லியில் உள்ள தேசிய அறிவியல் நூலகம் இலவசமாகவே தருகிறது. தரகர் எதற்கு?

விளம்பரம்

பாத்திரக்கடை முதலாளி “போடுங்கள் தம்பி, பார்த்துக்கொள்ளலாம்” என்றால் பின்னட்டையைக் கொடுத்துவிடாதீர்கள். பாதித் தொகையாவது கைக்கு வந்த பிறகு பக்கத்தை ஒதுக்குங்கள். மீதியை வாங்கப் போகும்போது இதழோடு ரசீதுப் புத்தகத்தையும் எடுத்துக்கொண்டு காலையிலேயே போய்விடுங்கள். மாலை வியாபாரத்தில் உங்களை யாரும் நிமிர்ந்து பார்க்க மாட்டார்கள்.