திருடன திருத்துறதுக்கு முன்னாடி ஃப்ளாம்போவ படிங்க

திருந்துன திருடன வச்சு நான் மொதல்ல எழுதுன கதையில, கடலூர் கேப்பர் மலை ஜெயில்ல இருந்து வெளிய வர்றவன் வாசல்ல அம்மா நிக்கிறத பாத்து அழுவான், அவ்ளோதான், திருந்திட்டான். படிச்சிட்டு எங்க சித்தப்பா கேட்டாரு, "ஏண்டா, இவன் அப்படி என்னத்த திருடுனான்?" எங்கிட்ட பதிலே இல்ல. அப்புறம் இங்கிலீஷ் எழுத்தாளர் செஸ்டர்டனோட ஃபாதர் பிரவுன் கதைங்கள, அதாவது துப்பறியுற ஒரு பாதிரியார் கதைங்கள, 1911ல வந்த மொத புக்க, ஃப்ளாம்போங்கிற திருடனுக்காக மட்டுமே திரும்ப எடுத்து படிச்சேன். அதுல நான் புடிச்சுக்கிட்டத சொல்றேன், நீங்களும் செஞ்சு பாருங்க.

மொதல்ல திருட்ட எழுதுங்க, ரசிச்சு எழுதுங்க. ஃப்ளாம்போ பிரெஞ்சுக்காரன், 6 அடி 4 அங்குலம். லண்டன்ல ஒரு பால் கம்பெனி நடத்துனான், மாடு இல்ல, வண்டி இல்ல, ஒரு சொட்டு பால் கூட இல்ல, ஆனா ஆயிரம் வாடிக்கை இருந்துச்சு. அடுத்தவங்க வீட்டு வாசல்ல இருக்கற பால் கேன தூக்கி தன் வாடிக்கைக்காரங்க வாசல்ல வச்சிடுவான், அதான் கம்பெனியே! இப்படி ஒரு மூளைய காட்டிட்டாலே படிக்கிறவன் பாதி அவன் பக்கம் வந்துடுவான்.

அடுத்தது, அவன கண்டுபிடிக்கிற ஆளு. இன்னொரு கதையில ஃபாதர் ஒரு ஹோட்டல் ரூம்ல உக்காந்து வெளிய கேக்கற காலடி சத்தத்த வச்சே புடிச்சிடுவாரு. கொஞ்ச நேரம் வேகமா நுனிக்கால்ல ஓடுற சத்தம், அப்புறம் சாவகாசமா நடக்கற சத்தம், ரெண்டும் ஒரே கால். ஃப்ளாம்போ பெரிய மனுசங்க முன்னாடி சர்வர் மாதிரி, சர்வருங்க முன்னாடி பெரிய மனுசன் மாதிரி நடக்கறான், ரெண்டு பேருக்குமே அதே கருப்பு டிரஸ்தானே. நம்ம பாண்டி பீச் ரோட்டுல சாயங்காலம் வண்டி போக்குவரத்த நிறுத்துனதுக்கு அப்புறம் காந்தி சிலைகிட்ட கண்ண மூடி பத்து நிமிஷம் உக்காருங்க, வாக்கிங் போறவரு கால், சுண்டல் விக்கிற பையன் கால், தனித்தனியா கேக்கும். அத நோட்டுல எழுதி வைங்க.

இப்ப திருந்தற இடம், இதுக்குதான் நேரம் எடுத்துக்கணும். ஒரே சீன்ல முடிக்காதீங்க. மொத கதையில மாட்டுறான், அந்த ஹோட்டல் கதையில திருடுன வெள்ளி சாமான திருப்பி குடுக்கறான், ஆனாலும் விடல, அதுக்கடுத்த கதையில திரும்ப வைரம் திருடுறான். மரத்து மேல வைரத்தோட உக்காந்திருக்கான், கீழ இருந்து ஃபாதர் பேசறாரு. சாமி குத்தம், நரகம்னு பயமுறுத்தல. நீ போயிட்டா பழி ஒரு அப்பாவி பையன் மேல விழும், அவன் காதலிக்கிற பொண்ணும் அவன விட்டு பிரிஞ்சிடுவா, ஈனமான காரியம் பண்ணமாட்டேன்னு பீத்திக்குவியே, இன்னிக்கி பண்றது என்னன்னு கேக்கறாரு. மேல இருந்து வைரம் புல்லுல விழுது. எனக்கு ஒவ்வொரு தடவையும் இந்த இடத்துல தொண்ட அடைச்சுக்கும். அவனோட பெருமையிலயே கை வச்சாருல்ல, அதனாலதான் நாம நம்புறோம். உங்க திருடன் எத செய்யமாட்டேன்னு வச்சிருக்கான்னு ஆரம்பத்துலயே போட்டு வைங்க, பின்னாடி அதுதான் அவன கீழ எறக்கும்.

திருந்துனதும் வித்தைய புடுங்கிடாதீங்க. ஃப்ளாம்போ அடுத்த கதையிலயே தனியார் துப்பறியுறவனா வர்றான். உங்க ஆளு பூட்டு ஒடைச்சவனா இருந்தா பெரிய மார்க்கெட் பக்கம் பூட்டு ரிப்பேர் கடை போடட்டும், ஒரு பூட்ட பாத்ததும் இது சாவி போட்டு தெறந்தது இல்லன்னு அவன்தான் சொல்லணும்.

நான் அந்த பழைய கதைய மாத்தி எழுதிட்டு இருக்கேன். ஜெயில் வாசல் சீன எடுத்துட்டேன், அம்மாவையும் எடுத்துட்டேன். முதலியார்பேட்டையில ஒரு வீட்டுல நகை போவுது, வேலைக்கு வந்த பொண்ணு மேல பழி விழுது, எடுத்தவன் எதிர் டீக்கடையில நின்னு அத பாத்துட்டு இருக்கான். அவன் கையில இருக்கற டீ ஆறுற வரைக்கும் எழுதிட்டேன்.