பழைய ஜப்பான் செடான் வாங்கலாமா? ஒரு வண்டியின் நிறை குறையை ரூபாயில் கணக்குப் போடும் முறை

செகண்ட் ஹேண்டில் கார் வாங்கப் போகிறேன் என்று யாரிடம் சொன்னாலும் வரும் முதல் யோசனை, "ஜப்பான் வண்டியாப் பாரு, கண்ணை மூடிக்கிட்டு வாங்கலாம்." இதில் பாதிதான் உண்மை. ஹோண்டா சிட்டி, டொயோட்டா கரோலா ஆல்டிஸ் போன்றவற்றின் பெட்ரோல் இன்ஜின்கள் நேரத்துக்கு ஆயில் மாற்றினால் இரண்டு லட்சம் கிலோமீட்டரைத் தாண்டியும் ஓடும். ஆனால் அந்த நல்ல பெயருக்கான விலையை, பார்த்துப் பார்த்து வைத்திருந்த வண்டிக்கும் கேட்கிறார்கள், ஆயிலே மாற்றாமல் ஓட்டித் தீர்த்த வண்டிக்கும் கேட்கிறார்கள். ஆகவே கணக்கைப் பிராண்டுக்குப் போடாதீர்கள். கண்ணெதிரே நிற்கும் அந்த ஒரு வண்டிக்குப் போடுங்கள். தமிழ்நாட்டில் எந்தக் கார் கன்சல்டிங்கில் (பழைய கார் விற்கும் கடையில்) நுழைந்தாலும் கண்ணில் படும் ஹோண்டா சிட்டியை உதாரணமாக எடுத்துக்கொள்கிறேன்.

படி 1: முதலில் உங்கள் ஓட்டத்தைப் பாருங்கள்

மாதம் எத்தனை கிலோமீட்டர் ஓட்டுவீர்கள்? ஆயிரத்துக்குக் கீழே என்றால் டீசலை மறந்துவிடுங்கள். எரிபொருளில் மிச்சமாகும் பணத்தை இன்ஜெக்டர், டர்போ என்று ஒரே ஒரு வேலை வந்து விழுங்கிவிடும்.

அடுத்து, யார் உட்காரப் போகிறார்கள்? செடான் என்றால் பின்னால் தனி டிக்கி நீட்டிக்கொண்டிருக்கும் கார், அதன் இருக்கை தாழ்வானது. மூட்டுவலி உள்ள அம்மாவோ மாமனாரோ தினமும் ஏறி இறங்குவதாக இருந்தால் இதை மனதில் வையுங்கள், முடிந்தால் அவர்களை ஒருமுறை உட்கார வைத்தே பாருங்கள். சாலையும் முக்கியம். சிட்டியின் கிரவுண்ட் கிளியரன்ஸ் (தரைக்கும் வண்டியின் அடிக்கும் உள்ள இடைவெளி) 165 மில்லிமீட்டர்தான். ஐந்து பேரும் டிக்கி நிறையச் சாமானும் ஏறிவிட்டால் கிராமத்து ஸ்பீடு பிரேக்கரில் அடி உரசும்.

செடானுக்கு ஒரு பெரிய சாதகமும் உண்டு. சில வருடங்களாக எல்லோரும் எஸ்யூவி பக்கம் சாய்ந்துவிட்டார்கள். அதனால் ஒரே வயதுள்ள எஸ்யூவியோடு ஒப்பிட்டால் பழைய செடான் பெரும்பாலும் மலிவாகக் கிடைக்கிறது. நெடுஞ்சாலையில் நிலையான ஓட்டம், பெரிய டிக்கி, பின் சீட்டில் கால் நீட்ட இடம், இவையெல்லாம் அந்த மலிவு விலைக்குள் வந்துவிடுகின்றன. பிறகு நீங்கள் விற்கும்போதும் இதே நிலைமைதான் என்பதையும் சேர்த்து யோசியுங்கள்.

படி 2: எந்த மாடல்?

சிட்டி இந்தியாவுக்கு வந்தது 1998-இல். இன்று வாங்கும் நிலையில் கிடைப்பவை பெரும்பாலும் 2008 கடைசியில் ஐ-விடெக் இன்ஜினோடு வந்த மூன்றாம் தலைமுறை, 2014 ஜனவரியில் வந்த நான்காம் தலைமுறை, 2020-இல் வந்த ஐந்தாம் தலைமுறை. முதல் கார் வாங்குகிறவருக்கு நான் சொல்வது நான்காம் தலைமுறை பெட்ரோல். 1.5 லிட்டர் இன்ஜின், வால்வுகளை இயக்க டைமிங் செயின் உள்ளது, பெல்ட் மாற்றும் செலவு இல்லை. கார் இன்னும் விற்பனையில் இருப்பதால் சர்வீஸுக்கும் உதிரி பாகத்துக்கும் அலைய வேண்டாம்.

ஆல்டிஸ் அதைவிடச் சொகுசு. ஆனால் 2020-இல் இந்தியாவில் விற்பனை நின்றுவிட்டது. எண்ணிக்கையில் குறைவாக ஓடிய வண்டி என்பதால் ஹெட்லைட், பம்பர் மாதிரியான பாகங்கள் விலை அதிகம். ஹோண்டாவின் சிவிக்கும் அப்படியே, 2020-ஆம் ஆண்டு முடிவில் அதுவும் போய்விட்டது. சென்னை அருகே ஒரகடத்தில் தயாரான நிசான் சன்னி விலை குறைவாகக் கிடைக்கும், உள்ளே இடமும் தாராளம். அதையும் புதிதாக விற்பதில்லை என்பதால் பாகங்கள் உங்கள் ஊரில் கிடைக்குமா என்று முதலில் விசாரியுங்கள்.

ஒரு சின்னத் தகவல்: பெயர் ஜப்பான் என்பதால் உள்ளே இருப்பதெல்லாம் ஜப்பான் என்று நினைக்க வேண்டாம். மாருதி சுசுகி சியாஸின் 1.3 டீசல் இன்ஜின் இத்தாலியின் ஃபியட் வடிவமைத்தது. சன்னி டீசலில் இருப்பது பிரான்சின் ரெனோ இன்ஜின். இரண்டுமே மோசமானவை அல்ல, நம் மெக்கானிக்குகளுக்கு நன்றாகப் பழகியவைதான். ஆனால் 'ஜப்பான் இன்ஜின்' என்று சொல்லி விலை ஏற்றினால் சிரித்துவிட்டு நகரலாம்.

படி 3: வண்டிக்கு முன்னால் பேப்பர்

விற்பவரிடம் பதிவு எண்ணை வாங்கி, அரசின் எம்-பரிவாஹன் ஆப்பில் போட்டுப் பாருங்கள். எத்தனையாவது ஓனர், இன்ஷூரன்ஸ் எப்போது முடிகிறது, கடன் பாக்கி காட்டுகிறதா, பதிவு எதுவரை செல்லும் எல்லாம் வீட்டிலிருந்தே தெரிந்துவிடும். நிலுவையில் உள்ள அபராதங்களை இ-சலான் தளத்தில் பார்க்கலாம். 'சிங்கிள் ஓனர்' என்று விளம்பரத்தில் போட்டுவிட்டு ஆப்பில் மூன்றாவது ஓனர் என்று வந்தால், அந்த ஆளிடம் மேற்கொண்டு பேச எதுவும் இல்லை.

வெளிமாநில வண்டி என்றால் இன்னும் கவனம் தேவை. டெல்லியில் பழைய டீசல் கார்களுக்குக் கட்டுப்பாடு இருப்பதால் அங்கிருந்து பல வண்டிகள் பிற மாநிலங்களுக்கு வருகின்றன. புதுச்சேரிப் பதிவு வண்டிகளும் இங்கே ஏராளம். விலை குறைவாகத்தான் தெரியும். அங்கிருந்து என்ஓசி (தடையில்லாச் சான்று) வாங்கி, இங்கே ஆயுள் வரி கட்டி, டிஎன் எண்ணுக்கு மாற்றும் செலவையும் அலைச்சலையும் சேர்த்தால் அந்தக் குறைவு பெரும்பாலும் கரைந்துவிடும். முதல் கார் வாங்குகிறவர் இந்த வேலையில் இறங்காமல் இருப்பதே நல்லது.

சர்வீஸ் வரலாற்றைக் கேளுங்கள். கம்பெனி சர்வீஸ் என்றால் பதிவு எண்ணை வைத்து எந்தத் தேதியில் எத்தனை கிலோமீட்டர், என்ன வேலை என்று எடுக்க முடியும். ஓனர் கேட்டால் பொதுவாகக் கொடுப்பார்கள். மீட்டரைத் திருப்பியிருந்தால் இங்கேதான் மாட்டும்: 2019-இல் 82,000 காட்டிய வண்டி இன்று 65,000 காட்டாது.

2013 அல்லது அதற்கு முந்தைய ஹோண்டா, டொயோட்டா வண்டி என்றால் இன்னொன்றையும் பாருங்கள். டகாடா நிறுவனத்தின் ஏர்பேக் குறைபாட்டுக்காக இரண்டு கம்பெனிகளுமே இந்தியாவில் பல வண்டிகளைத் திரும்ப அழைத்தன. விபத்தின்போது ஏர்பேக்கின் உலோகப் பகுதி சிதறிப் பாய்ந்து உயிரைப் பறிக்கும் குறை அது. சேஸிஸ் எண்ணைக் கம்பெனி இணையதளத்தில் போட்டாலோ சர்வீஸ் சென்டரில் கேட்டாலோ பாக்கி இருக்கிறதா என்று சொல்லிவிடுவார்கள். மாற்றித் தருவது இலவசம்.

படி 4: காலையில் போங்கள்

சாயங்கால வெளிச்சத்தில் எல்லாப் பெயிண்ட்டும் பளபளக்கும். காலையில், இன்ஜின் சூடாவதற்கு முன்பு போங்கள். "நாங்க வர்ற வரைக்கும் ஸ்டார்ட் பண்ணாதீங்க" என்று முன்கூட்டியே சொல்லிவிடுங்கள். போனதும் பானெட்டைத் தொட்டுப் பாருங்கள். சூடாக இருந்தால் ஏன் என்று கேளுங்கள்.

ஆறின இன்ஜினை ஸ்டார்ட் செய்யும்போது ஒருவர் பின்னால் நிற்கட்டும். நீலப் புகை என்றால் ஆயில் எரிகிறது. நின்றுபோகாமல் தொடரும் வெள்ளைப் புகை என்றால் கூலன்ட் உள்ளே போகிறது என்று சந்தேகிக்கலாம். சிட்டி பெட்ரோலில் மேலே 'டக் டக்' என்று சத்தம் கேட்டால் பயந்துவிட வேண்டாம், பெரும்பாலும் டேப்பட் செட்டிங் (வால்வு இடைவெளியைச் சரிசெய்வது) செய்ய வேண்டியதாக இருக்கும். மெக்கானிக்கிடம் உறுதி செய்துகொள்ளுங்கள்.

வெளியே, கதவுக்கும் ஃபெண்டருக்கும் (சக்கரத்தின் மேல் உள்ள தகட்டுக்கும்) நடுவே உள்ள இடைவெளி இரண்டு பக்கமும் ஒரே அளவா என்று பாருங்கள். பானெட்டைப் பிடித்திருக்கும் போல்ட்டுகளில் ஸ்பேனர் பட்ட தடம், ரப்பர் பீடிங்கில் பெயிண்ட் தூள், தட்டினால் ஒரு இடத்தில் மட்டும் மந்தமான சத்தம், இவை பட்டி பூசி டிங்கரிங் செய்ததன் அடையாளம். பம்பர் கீறல் எல்லா வண்டியிலும் இருக்கும், அதை விடுங்கள். முன்பக்க சேஸிஸ் பகுதியில் வெல்டிங் தெரிந்தால் திரும்பி வந்துவிடுங்கள்.

டயரின் பக்கவாட்டில் நான்கு இலக்க எண் இருக்கும். 2319 என்றால் 2019-ஆம் ஆண்டின் 23-ஆவது வாரம் தயாரானது. பட்டன் (தரையைப் பிடிக்கும் ரப்பர் மேடு) நிறைய இருந்தாலும் ஆறு ஏழு வருடமான டயரை மாற்றும் செலவாகவே எழுதிக்கொள்ளுங்கள்.

படி 5: தண்ணீரில் நின்ற வண்டியா?

சென்னை, செங்கல்பட்டு, திருவள்ளூர் பக்கம் வாங்குகிறவர்கள் இதற்குத் தனியாக அரை மணி நேரம் ஒதுக்க வேண்டும். 2015 டிசம்பர் வெள்ளத்திலும் 2023 டிசம்பர் மிக்ஜாம் புயலிலும் மூழ்கிய கார்கள் எத்தனையோ. செடான் தாழ்வான வண்டி, முதலில் மூழ்குவதும் அதுதான். உள்ளே போன தண்ணீர் அன்றைக்கே வேலையைக் காட்டாது. ஒயரிங்கில் பச்சை பூத்து ஒரு வருடம் கழித்துத்தான் பவர் விண்டோ, சென்சார் என்று ஒவ்வொன்றாகப் படுத்துக்கொள்ளும்.

சீட் பெல்ட்டைக் கடைசி வரை இழுங்கள். உள்ளே சுற்றியிருக்கும் பகுதியில் சேற்றுக் கறைக் கோடு இருக்கும், அதை யாரும் கழுவுவதில்லை. முன் சீட்டைப் பின்னால் தள்ளி, அதன் தண்டவாளத்திலும் அடியில் உள்ள போல்ட்டிலும் துரு இருக்கிறதா பாருங்கள். தரை விரிப்பின் ஓரத்தைத் தூக்கிக் கை வைத்துப் பாருங்கள். டிக்கியில் ஸ்டெப்னியை வெளியே எடுத்தால் அந்தக் குழியில் மண் படிந்திருக்கும். கடைசியாக ஏசியைப் போட்டுக் கண்ணாடிகளை மூடி மோந்து பாருங்கள். உள்ளே நுழைந்ததும் வாசனைத் திரவியம் மூக்கைத் துளைத்தால் எதை மறைக்க என்று கேட்கத் தோன்ற வேண்டும்.

மூழ்கியது உறுதியானால் எந்த விலைக்கும் வேண்டாம்.

படி 6: ஓட்டிப் பாருங்கள்

பாட்டை நிறுத்துங்கள், ஏசி ஓடட்டும். நெரிசல், மேடு பள்ளம், 80-இல் போகக்கூடிய நேர்சாலை மூன்றும் வருகிற மாதிரி அரை மணி நேரமாவது ஓட்டுங்கள். ஸ்டியரிங்கை லேசாக விட்டால் வண்டி ஒரு பக்கம் இழுக்கிறதா, பிரேக்கில் அதிர்வு வருகிறதா, பள்ளத்தில் 'கடக்' என்கிறதா என்று பாருங்கள்.

சிவிடி (கியர் படிகள் இல்லாமல் பெல்ட்டில் இயங்கும்) ஆட்டோமேட்டிக் என்றால் நின்ற இடத்திலிருந்து மெதுவாக நகர்த்திப் பாருங்கள். 20-லிருந்து 40-க்குள் நடுக்கம் இருந்தாலோ, ரிவர்ஸ் போட்டதும் குலுங்கினாலோ, சிவிடி ஆயிலைக் கையேட்டில் சொன்ன இடைவெளியில் மாற்றினார்களா என்று பில்லோடு கேளுங்கள். கியர்பாக்ஸே போனால் செலவு ஒரு லட்சத்தைத் தாண்டலாம். பில் இல்லாத சிவிடியைவிட மேனுவல் மேல்.

படி 7: மெக்கானிக்கைக் கூட்டிப் போங்கள்

விற்பவர் சிபாரிசு செய்யும் மெக்கானிக் வேண்டாம், நீங்களே கூலி கொடுத்துக் கூட்டிப் போகும் ஆளாக இருக்க வேண்டும். லிஃப்டில் தூக்கி அடியைப் பார்க்கச் சொல்லுங்கள். மறுக்கும் ஓனரிடம் வாங்காதீர்கள்.

படி 8: இப்போது கணக்கு

2016 மாடல் சிட்டி பெட்ரோல், மேனுவல், 75,000 கிலோமீட்டர் ஓடியது, கேட்கும் விலை 5 லட்சம் என்று வைத்துக்கொள்வோம். கீழே உள்ள தொகைகளும் உதாரணத்துக்குத்தான், உங்கள் ஊர் விலையை மெக்கானிக்கிடம் கேட்டு நிரப்புங்கள்.

டயர் நான்கு: 24,000
பேட்டரி: 5,000
சஸ்பென்ஷன் வேலை: 20,000
முழு சர்வீஸ்: 10,000
இன்ஷூரன்ஸ்: 12,000
பெயர் மாற்றம்: 3,000

ஆக 74,000. உண்மையான விலை 5,74,000. பதிவு 15 வருடம், அதாவது 2031 வரை. 2026-இல் வாங்கி ஐந்து வருடம் ஓட்டி 2 லட்சத்துக்கு விற்றால் வருடத்துக்குச் சுமார் 75,000 ரூபாய் தேய்கிறது. அதன்பிறகும் வைத்திருக்க எப்.சி. (தகுதிச் சான்று) எடுத்துப் பதிவை ஐந்து வருடத்துக்குப் புதுப்பிக்கலாம், அது தனிச் செலவு.

இதன் பக்கத்தில் ஒரு புது வண்டியையும் எழுதுங்கள். 2025 செப்டம்பரில் ஜிஎஸ்டி குறைந்தபோது நான்கு மீட்டருக்குள் அடங்கும் பெட்ரோல் செடான்களுக்கு வரி 18 சதவீதமானது. புது ஹோண்டா அமேஸ் ஆன்ரோடு (வரி, பதிவு, இன்ஷூரன்ஸ் எல்லாம் சேர்த்து) 10 லட்சம் ஆகி, ஐந்து வருடம் கழித்து 5.5 லட்சத்துக்குப் போனால் வருடத்துக்கு 90,000. வித்தியாசம் வெறும் 15,000, கூடவே வாரண்டியும் வருகிறது. பழைய காருக்கான கடன் வட்டி புதுக் காரைவிட அதிகம் என்பதையும் மறக்க வேண்டாம். அதனால் முழுக்கக் கடனில் வாங்குகிறவருக்குப் பழைய சிட்டி லாபமில்லை. கையில் ரொக்கம் இருந்து, முதல் ஓனர், முழு சர்வீஸ் பில் என்று வண்டி அமைந்தால் நான் சிட்டியைத்தான் எடுப்பேன். பெரிய இன்ஜின், பெரிய உடல், முடக்கும் பணமும் கிட்டத்தட்டப் பாதி.

பேரத்தில் இந்தத் தாளையே காட்டுங்கள். "கொஞ்சம் குறைங்கண்ணே" என்பதைவிட, "டயர் 2019, இதுக்கு 24,000 ஆகும்ணே" என்றால் பதில் வேறு மாதிரி வரும்.

படி 9: பணமும் பெயர் மாற்றமும்

டோக்கன் அட்வான்ஸ் சின்னத் தொகையாக இருக்கட்டும், என்ன நிபந்தனையில் கொடுத்தீர்கள் என்று எழுதி வாங்குங்கள். கடன் இருந்த வண்டி என்றால் வங்கியின் என்ஓசியும் படிவம் 35-ம் (பதிவிலிருந்து கடனை நீக்கும் படிவம்) வராமல் முழுப் பணம் கொடுக்காதீர்கள். பெயர் மாற்றத்துக்கான படிவம் 29, 30 இரண்டிலும் விற்பவர் உங்கள் முன் கையெழுத்துப் போட வேண்டும். பெயர் மாற்றத்துக்கு வாங்குபவர் 30 நாளுக்குள் விண்ணப்பிக்க வேண்டும். கன்சல்டிங்கில் "அப்புறம் மாத்திக்கலாம் சார்" என்பார்கள், கேட்காதீர்கள்.

இன்ஷூரன்ஸை உங்கள் பெயருக்கு மாற்ற 14 நாளுக்குள் கம்பெனிக்கு எழுதுங்கள். விற்பவருடைய நோ கிளெய்ம் போனஸ் (கிளெய்ம் கேட்காத வருடங்களுக்கான பிரீமியத் தள்ளுபடி) அவரோடு போய்விடும், உங்களுக்கு வராது. அதனால் மாற்றும்போது கொஞ்சம் கூடுதலாகக் கட்ட வேண்டியிருக்கும்.

சாவி இரண்டையும் கேட்டு வாங்குங்கள். ஒன்றுதான் இருக்கிறது என்றால் புதுச் சாவி செய்து அதில் ரகசியக் குறியீட்டை ஏற்றும் செலவைக் கழித்துக்கொள்ளுங்கள். கண்ணாடியில் ஒட்டியிருக்கும் பழைய ஃபாஸ்டேகை விற்பவர் மூடியதும், முதல் சுங்கச்சாவடிக்கு முன்பே உங்கள் பெயரில் ஒன்று ஒட்டிவிடுங்கள்.