தண்ணீர் வருவதற்குள் கையெழுத்து வாங்குங்கள்: அரசு பில் பாக்கியை வசூலிக்கும் வழி

டெல்டாவில் அரசு வேலை எடுத்துச் செய்கிறவர்களுக்கென்றே ஒரு சிக்கல் உண்டு. தூர்வாரும் வேலை சித்திரை, வைகாசியில் நடக்கும். ஜூன் 12-ல் மேட்டூர் திறந்துவிட்டால் சில நாளில் தண்ணீர் கல்லணை தாண்டி வாய்க்காலுக்கு வந்துவிடும், நீங்கள் வெட்டிய ஆழமும் அகலமும் அதோடு தண்ணீருக்கு அடியில் போய்விடும். அப்புறம் ஒருவர் வந்து அளவு சரியில்லை என்று பில்லை நிறுத்தினால் எதைக் காட்டுவீர்கள்?

அதனால் வேலை முடிந்த அன்றே உதவி செயற்பொறியாளருக்கு ஒரு கடிதம் எழுதுங்கள்: இந்தத் தேதியில் வேலை முடிந்தது, அளந்து எம்-புக்கில் (அலுவலகத்தின் அளவுப் புத்தகம்) ஏற்றிக் கொடுங்கள். போய்ச் சேர்ந்ததற்கு ஒப்புகை கிடைக்கும்படி, பதிவு செய்த ஸ்பீடு போஸ்டில்தான் அனுப்ப வேண்டும். வாய்க்கால் தரையில் அளவுகோலை நிறுத்தி, பக்கத்தில் மதகோ பாலமோ தெரிகிற மாதிரி, தேதியும் இடமும் விழும்படி போட்டோ எடுத்து வையுங்கள். வெறும் மண்ணை மட்டும் எடுத்தால் அது எந்த வாய்க்கால் என்று யாருக்கும் தெரியாது.

அடுத்தது மூன்று வருடக் கணக்கு. இதில்தான் நம் ஆட்கள் நிறையப் பேர் ஏமாந்து போகிறார்கள். பணம் கேட்டு வழக்குப் போட காலவரம்புச் சட்டம், 1963 பொதுவாக மூன்று வருடம்தான் தருகிறது. 'ஃபண்ட் வரட்டும், அடுத்த மாசம் பார்க்கலாம்' என்று வாயால் சொன்னதை நம்பி நீங்கள் அலைந்த நாளெல்லாம் அந்தக் கணக்கில் ஓடிக்கொண்டே இருக்கும். ஆனால் மூன்று வருடம் முடிவதற்குள் 'இவ்வளவு பாக்கி இருக்கிறது' என்று அலுவலகம் கையெழுத்துப் போட்டு எழுதிக் கொடுத்தால், அந்தத் தேதியிலிருந்து மூன்று வருடம் புதிதாக ஆரம்பிக்கும், இது அந்தச் சட்டத்தின் 18-வது பிரிவு. ஒருமுறை நேரில் போய்ப் பார்ப்பதற்குப் பதில் ஒரு கடிதம் போடச் சொல்வது இதனால்தான்.

அவர்கள் எழுதித் தரவில்லை என்றால் ஆர்.டி.ஐ. (தகவல் அறியும் உரிமைச் சட்ட மனு) போடுங்கள். எம்-புக் பக்கத்தின் நகல், பில் எந்த மேசையில் எந்தத் தேதியிலிருந்து இருக்கிறது, நிறுத்தி வைத்ததற்குக் காரணம் எழுதிய குறிப்பு, இந்த மூன்றையும் கேளுங்கள். 30 நாளில் பதில் வர வேண்டும், வராவிட்டால் முதல் மேல்முறையீடு.

வெள்ள நேர வேலையைப் பற்றி விரிவாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் நானே பட்டிருக்கிறேன். கொள்ளிடக் கரையில் கசிவு என்று ராத்திரி இரண்டு மணிக்குப் போன் வந்தது. லாரியில் மணல் மூட்டையும் சவுக்குக் கழியும் ஏற்றிக்கொண்டு ஓடினோம், கழி அடித்து மூட்டை அடுக்கி முடிக்கும்போது விடிந்துவிட்டது. கரை நின்றது. பில் போட்டபோது ஒர்க் ஆர்டர் இல்லையே என்றார்கள். அப்போது எனக்குத் தெரியாத விஷயம், இந்திய ஒப்பந்தச் சட்டத்தின் 70-வது பிரிவு. இனாமாகச் செய்யும் எண்ணமில்லாமல் ஒருவர் சட்டப்படி ஒரு வேலையைச் செய்து கொடுத்து, மற்றவர் அதன் பலனை அனுபவித்தால் அதற்கு ஈடு கொடுத்தாக வேண்டும். மேற்கு வங்க அரசுக்குக் கிடங்கு கட்டிக் கொடுத்த பி.கே.மண்டல் நிறுவனத்தின் வழக்கில், முறையான ஒப்பந்தம் இல்லாவிட்டாலும் இந்தப் பிரிவின்படி பணம் உண்டு என்று உச்ச நீதிமன்றமே சொன்னது. ஆகவே ராத்திரி வேலை என்றால் லாரி நடைச் சீட்டு, மூட்டை எண்ணிக்கை, போன் வந்த நேரம் எல்லாவற்றையும் எழுதி, கரையில் நிற்கிற அலுவலரிடம் அங்கேயே கையெழுத்து வாங்கிவிடுங்கள். மறுநாள் அவர் தருவது கஷ்டம்.

சரி, இதற்கும் பணம் வரவில்லை என்றால் வக்கீல் நோட்டீஸ். மாநில அரசு மேல் வழக்குப் போடுவதற்கு முன், சிவில் நடைமுறைச் சட்டம் 80-வது பிரிவின்படி துறைச் செயலாளருக்கோ மாவட்ட ஆட்சியருக்கோ நோட்டீஸ் கொடுத்து இரண்டு மாதம் காத்திருக்க வேண்டும். அதிலேயே வட்டியும் கேட்டு எழுதச் சொல்லுங்கள். 3 லட்சமும் அதற்கு மேலும் உள்ள கட்டுமான பாக்கி வணிக நீதிமன்றத்துக்குப் போகும், அவசர இடைக்கால உத்தரவு எதுவும் கேட்கவில்லை என்றால் முதலில் சமரசத்துக்குப் போயாக வேண்டும். டெண்டர் ஒப்பந்தத்தில் நடுவர் மன்றம் என்று எழுதியிருந்தால் வழி வேறு, அதை முதலில் படித்துப் பாருங்கள்.

அளவிலும் தொகையிலும் தகராறே இல்லை, கொடுக்காமல் இழுக்கிறார்கள், அவ்வளவுதான் என்றால் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனுதான் சுருக்கு வழி. ஆர்.டி.ஐ. பதிலில் பாக்கியை ஒத்துக்கொண்டிருந்தால் அதுவே உங்கள் பலம். தஞ்சாவூர், திருச்சிக்காரர்கள் மதுரைக் கிளைக்குப் போக வேண்டும், திருவாரூர், நாகப்பட்டினம், மயிலாடுதுறைக்காரர்களுக்குச் சென்னை.

வேலை எடுக்காமல் குழாய், சிமெண்ட் மாதிரி பொருள் மட்டும் சப்ளை செய்த சிறு நிறுவனம், சப்ளைக்கு முன்பே உத்யம் பதிவு (சிறு, குறு தொழில்களுக்கான மத்திய அரசுப் பதிவு) இருக்கிறது என்றால், சிறு தொழில் பாக்கிக்கான மத்திய அரசு இணையதளத்தில் புகார் கொடுக்கலாம். 45 நாள் தாண்டினால் ரிசர்வ் வங்கியின் வங்கி விகிதத்தைப் போல மூன்று மடங்கு வட்டி, அதுவும் மாதாமாதம் கூட்டு வட்டி. பொருளும் கூலியும் சேர்ந்த மொத்த ஒப்பந்த வேலைக்கு இது பொருந்தாது என்று மும்பை உயர் நீதிமன்றம் சொல்லியிருக்கிறது, அதனால் வேலை எடுத்தவர்கள் இதை மட்டும் நம்பி மூன்று வருடத்தைக் கோட்டை விட்டுவிடாதீர்கள்.

நோட்டீஸ் எழுதும்போது, வேலைக்கு ஈடாக அலுவலகம் பிடித்து வைத்த டெபாசிட்டையும் தனியாகத் தொகை போட்டுக் கேளுங்கள். பில் தொகையை மட்டும் எழுதிவிட்டு டெபாசிட்டை மறந்து போகிறவர்கள் அதிகம்.