நீதி மாளிகையை மூன்று கேமராவுக்குள் அடக்குவது எப்படி

இத்தாலிய நாடகாசிரியர் உகோ பெத்தி தொழிலால் நீதிபதி. அவர் 1944-ல் எழுதி, 1949-ல் ரோமில் மேடையேறிய 'நீதி மாளிகையில் ஊழல்' மூன்று அங்கங்களும் ஒரே அறையில் நடக்கும் நாடகம். நீதிபதிகளுள் ஊழல் செய்தவர் யார் என்ற விசாரணைதான் கதை. செட் மாற்றம் இல்லை, வெளிப்புறக் காட்சி இல்லை. ஆரம்பகாலத் தொலைக்காட்சியின் நேரடி ஒளிபரப்பு முறைக்கு, அதாவது மூன்று கேமரா வைத்து நிறுத்தாமல் ஒரே ஓட்டமாக எடுப்பதற்கு, இதைவிடத் தோதான நாடகம் கிடைப்பது கடினம். அந்த முறையிலேயே எடுத்துப் பழக விரும்பும் குழுக்களுக்கான குறிப்பு இது.

முதலில் உரிமை. பெத்தி 1953-ல் இறந்தார். இந்தியச் சட்டப்படி ஆசிரியர் இறந்து 60 ஆண்டுக்குப் பின் உரிமை முடிகிறது; ஆகவே இத்தாலிய மூலத்திலிருந்து நேராகத் தமிழாக்கலாம். ஹென்றி ரீடின் ஆங்கில மொழிபெயர்ப்பை வைத்துத் தமிழாக்கினால் கதை வேறு. அவர் இறந்தது 1986-ல். அதற்கு அனுமதி வாங்கியே ஆக வேண்டும்.

அடுத்தது வெட்டு. 75 நிமிட நேரம் என்றால் பிரதி 72 நிமிடத்தில் முடிய வேண்டும். பக்கத்தை எண்ணிக் கணக்குப் போடாதீர்கள்; ஸ்டாப்வாட்ச் வைத்து நடந்து பேசிப் பாருங்கள். உட்கார்ந்து வாசிக்கும்போது வரும் நேரத்தைவிட நடிக்கும்போது கூடத்தான் வரும். சின்ன நீதிபதிகளின் வம்புப் பேச்சிலும் ஊர் வதந்தியிலும் தாராளமாகக் கை வைக்கலாம். சந்தேகத்துக்கு ஆளான கிழ நீதிபதி வனானின் மகள் எலெனாவிடம் நீதிபதி குஸ்ட் பேசிப் பேசி, அவள் தன் தந்தைமேல் வைத்த நம்பிக்கையை உடைக்கும் இடத்தையும், சாகும் தறுவாயில் இன்னொரு நீதிபதி குரோஸ் பொய்யாகப் பழியை ஏற்கும் இடத்தையும் தொடாதீர்கள். நாடகத்தின் உயிர் அங்கேதான்.

தரைப்படத்தை 1:50 அளவில் வரையுங்கள்; 1 மீட்டருக்கு 2 செ.மீ. அறை 8 மீட்டர் அகலம், 6 மீட்டர் ஆழம், மூன்று பக்கச் சுவர். இடமிருந்து வலமாகக் கேமரா 1, 2, 3. இந்த வரிசை கலையவே கூடாது. ஒன்றாம் கேமரா வலப்பக்கம் ஓடினால் அதன் கேபிள் இரண்டின் சக்கரத்தை மறிக்கும். பிறகு அந்த அங்கம் முழுக்க இரண்டு அசையாது. எதிர்க்கோண ஷாட், அதாவது பின்பக்கமிருந்து பார்க்கும் ஷாட், வேண்டுமானால், பின்சுவரின் கோப்பு அலமாரியில் ஒரு தட்டைக் கதவாக்கி, அதன் வழியே எடுங்கள்.

அந்தக்காலக் கேமராவில் ஜூம் கிடையாது. சுழலும் தட்டில் நான்கு லென்ஸ். ஒளிபரப்பில் இருக்கும்போது தட்டைச் சுழற்றினால் படம் கிறுகிறுக்கும். அதனால் வேறு கேமராவுக்கு வெட்டிய பிறகுதான் மாற்றுவார்கள். இன்றைய ஜூமிலும் நான்கு இடத்தில் டேப் ஒட்டி, அந்த நான்கில் மட்டும் நில்லுங்கள். கேமராப் பிரதியில் ஷாட் எண், கேமரா, லென்ஸ், வசனம் என்று நாலு பத்தி இருந்தால் போதும். ஒரே கேமராவுக்கு அடுத்தடுத்து இரண்டு லென்ஸ் விழுந்தால் நடுவே குறைந்தது ஐந்து விநாடி இடைவெளி விடுங்கள்.

இந்த நாடகத்துக்கே உரிய வலை ஒன்று உண்டு. ஊழல் செய்தவன் குஸ்ட். மேடையில் அவன் முகம் பத்து வரிசை தள்ளித் தெரியும். திரையில் ஒரே ஒரு குளோசப் குட்டை உடைத்துவிடும். குரோஸ் அவனை மோப்பம் பிடிக்கும்வரை குஸ்டுக்குத் தனி குளோசப் கொடுக்காதீர்கள். இரண்டு மூன்று பேரோடு சேர்த்தே காட்டுங்கள். அதற்காக அவனை ஒளிக்கவும் வேண்டாம், அதுவும் காட்டிக்கொடுக்கும். முதல் அங்கத்துக் குளோசப்புகள் விசாரிக்க வரும் எர்ட்சிக்கும் கிழவர் வனானுக்கும் போகட்டும். சந்தேகம் தானாக வனான் பக்கம் சாயும்.

பளீரென்ற வெள்ளையைச் சுற்றி அன்றைய கேமராக் குழாய் கருவளையம் போடும். அந்தச் சாயல் வேண்டாமென்றால், நீதிபதியின் கழுத்துப்பட்டி, கோப்புத் தாள் எல்லாவற்றையும் தேநீர் டிகாஷனில் முக்கி உலர்த்துங்கள். அங்கி அடர்சாம்பலாக இருக்கட்டும். கறுப்பில் மடிப்பு தெரியாது. பூம் மைக் (நீண்ட கோலில் தொங்கும் மைக்) ஒரு பக்கம், முக்கிய விளக்கு எதிர்ப்பக்கம். நடிகர் சுவரிலிருந்து ஒன்றரை மீட்டர் தள்ளி நின்றால் மைக் நிழல் தரையோடு போய்விடும். நம் ஊர் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ். விநாடிக்கு 25 பிரேம், ஷட்டர் 1/50 விநாடி வையுங்கள், இல்லையேல் விளக்கு மினுக்கும்.

எலெனா லிஃப்ட் குழிக்குள் விழுவதைக் காட்ட முயல வேண்டாம். இரும்புக் கிராதி ஓசை, பிறகு நிசப்தம், அறையில் இருப்பவர்களின் முகம். அவ்வளவே.

வசனம் மறந்தால்? ஸ்டுடியோ தளத்தைக் கவனித்துக்கொள்ளும் அன்றைய ஃப்ளோர் மேனேஜர் கையில் ஒரு பொத்தான் இருந்தது. அதை அழுத்தி ஸ்டுடியோ ஒலியை அறுத்து, வரியை எடுத்துக்கொடுத்துவிட்டு விடுவார். வீட்டில் பார்ப்பவர் ஒளிபரப்புக் கோளாறு என்று நினைத்துக்கொள்வார். ஒலிமேசையின் மியூட் பொத்தானே இதற்குப் போதும். யார் அழுத்துவது என்பதை மட்டும் முன்பே முடிவு செய்யுங்கள்.

கடைசியில் குஸ்ட் தன்னை ஒப்புக்கொடுக்கப் படியேறிப் போகிறான். ஐந்து படி கட்டினால் போதும். இரண்டாம் கேமராவைத் தாழ்த்தி வைத்தால் மேலே எத்தனை படி என்று யாருக்கும் தெரியாது. அவன் சட்டகத்தை விட்டு வெளியேறிய பிறகும் பத்து விநாடி யாரும் அசையக் கூடாது. ஐந்தாம் படிக்கு அப்பால் மேடை முடிகிறது. அவனைப் பிடித்து இறக்க ஓர் ஆள் அங்கே நிற்கட்டும்.