அடுத்தாளாக இருந்து மேலாளாக: ஹாக்கி ஆட்டக்காரர் கோச் ஆகும் வழி

பர்மாவுக்கும் மலாயாவுக்கும் கொண்டுவிக்க (கடை வைத்துத் தொழில் செய்ய) போன செட்டிநாட்டுப் பையன்கள் கடையில் கால் வைத்த அன்றே மேலாளாக உட்கார்ந்துவிடவில்லை. முதலில் பெட்டியடிப் பையன், பிறகு மேலாளுக்கு உதவியாக நிற்கும் அடுத்தாள், கணக்கும் ஆளும் கைக்கு வந்தபின்தான் மேலாள். காரைக்குடி, தேவகோட்டை, பள்ளத்தூர்ப் பக்கம் கல்லூரி அணிக்கோ மாவட்ட அணிக்கோ ஹாக்கி ஆடிவிட்டு, இனி கோச் ஆகலாம் என்று நினைப்பவர்களுக்கும் இதே வரிசைதான் பொருந்தும். ஒரு வருடமாவது இன்னொரு கோச்சிடம் அடுத்தாளாக நில்லுங்கள். இந்த வழிகாட்டியில் மற்றதை விட்டாலும் இதை விடாதீர்கள்.

வட அமெரிக்காவின் என்.எச்.எல். ஐஸ் ஹாக்கியைப் பாருங்கள். பனித்தளத்தில் 894 கோல் அடித்த வெய்ன் கிரெட்ஸ்கி 2005இல் நேராக ஃபீனிக்ஸ் அணியின் தலைமைக் கோச் ஆனார். நான்கு சீசனில் ஒருமுறைகூட அந்த அணி பிளேஆஃப் சுற்றுக்குப் போகவில்லை. ராட் பிரிண்டமோர் 2006இல் கரோலினா அணியின் கேப்டனாக அந்த லீக்கின் சாம்பியன் பட்டமான ஸ்டான்லி கோப்பையை வாங்கியவர். ஓய்வுக்குப் பின் அதே அணியில் பல வருடம் உதவிக் கோச்சாக இருந்துவிட்டு 2018இல்தான் தலைமைக் கோச் ஆனார். ஜாரெட் பெட்னர் என்.எச்.எல்.லில் ஒரு மேட்ச்கூட ஆடாதவர். சிறிய லீக்கில் உதவிக் கோச்சாகத் தொடங்கி, ஒவ்வொரு படியிலும் கோப்பை வாங்கிக்கொண்டே மேலே வந்தார். 2016இல் கொலராடோ அணி கைக்கு வந்தது. முதல் சீசனில் 82 மேட்சில் 48 புள்ளிதான், லீக்கிலேயே கடைசி இடம். 2022இல் அதே அணியோடு ஸ்டான்லி கோப்பையை வாங்கினார். நம் நாட்டில் இந்திய அணியின் கோல் கீப்பர் ஸ்ரீஜேஷ் 2024 பாரிஸ் ஒலிம்பிக் முடிந்த கையோடு ஜூனியர் அணிக்குக் கோச் ஆகி, அந்த டிசம்பரிலேயே மஸ்கட்டில் ஜூனியர் ஆசியக் கோப்பையை வாங்கித் தந்தார். ஆனால் அது கோச்சுக்குப் பின்னால் முழுப் பயிற்சிக் குழு நிற்கும் இடம். ஊர்ப் பள்ளிக்கூடக் கிரவுண்டில் நீங்கள் ஒற்றை ஆள்.

அடுத்தாள் வருடத்தில் செய்ய வேண்டியவை

பக்கத்துப் பள்ளியில் ஹாக்கி நடத்தும் பி.இ.டி. மாஸ்டரைப் போய்ப் பாருங்கள். "சார், ஒரு சீசன் உங்ககூட நின்னு கத்துக்கிறேன், பந்து பொறுக்குறதுலேருந்து செய்றேன்" என்று கேட்டால் மறுப்பவர் குறைவு. தலைமையாசிரியரிடம் எழுத்தில் அனுமதி வாங்குங்கள். பிள்ளைகள் 18 வயதுக்கு உட்பட்டவர்கள் என்பதால் வாய்வார்த்தை போதாது. பெண்பிள்ளைகள் அணி என்றால், பயிற்சி முடியும்வரை ஆசிரியை ஒருவர் கிரவுண்டில் இருக்க வேண்டும் என்பதை அந்த அனுமதிக் கடிதத்திலேயே எழுதிவிடுங்கள்.

ஒரு பேரேடு போடுங்கள். இந்த ஊரில் அதைச் சொல்லித்தர வேண்டியதில்லை. தேதி, வந்தவர் எண்ணிக்கை, செய்த பயிற்சி, எத்தனை முறை, எத்தனை சரி, யாருக்கு எங்கே வலி. மேட்ச் நாளில் எந்த நிமிடத்தில், எந்த இடத்தில் பந்து நம் கையை விட்டுப் போனது என்பதை மட்டும் குறியுங்கள். கோல்களை எல்லோரும் நினைவில் வைத்திருப்பார்கள், பந்து பறிபோன இடம் யாருக்கும் நினைவிருக்காது. ஐந்து மேட்ச் எழுதினால் உங்கள் அணியின் ஓட்டை எங்கே என்று தாளே காட்டிவிடும். பெரும்பாலும் அது வலது ஹாஃபுக்கும் வலது பேக்குக்கும் இடையில் இருக்கும், அல்லது கோல் கீப்பர் உதைத்துவிட்ட பந்தை யார் எடுப்பது என்று யாருமே சொல்லித்தராததில் இருக்கும்.

கையில் இருப்பதை வாய்க்குக் கொண்டுவருவது

நல்ல ஆட்டக்காரர் கோச்சாகத் தடுமாறுவது இந்த இடத்தில்தான். பத்து வருடம் ஆடியவருக்குப் பந்தை நிறுத்துவது மூச்சுவிடுவது மாதிரி. பையனுக்கு வரவில்லை என்றால், தானே ஸ்டிக்கை வாங்கி நாலு தரம் நிறுத்திக் காட்டுவார். பையன் அவர் ஸ்டிக்கைப் பார்க்கமாட்டான், பந்தைத்தான் பார்ப்பான். மறுபடி அவனுக்கு வராது. கோபம் வரும், சத்தம் வரும், அடுத்த வாரம் அந்தப் பையனே வரமாட்டான்.

அதனால் ஒவ்வொரு திறனையும் நாலு சொல்லுக்குள் உடைத்து வையுங்கள். ஃபோர்ஹாண்ட் ஸ்டாப்பிங்கை எடுத்துக்கொள்வோம். ஒன்று, இடது கை மேலே இறுக்கம், வலது கை கீழே தளர்வு. இரண்டு, இடது கை பந்தைவிட முன்னால், அப்போது ஸ்டிக் முன்சாய்ந்து பந்தைத் தரையோடு அமுக்கும். மூன்று, பந்து வலது காலுக்கு முன்னால், சற்று வெளியே. நாலு, பந்து தொடும்போது வலது கை இறுகக் கூடாது. பந்து எகிறிக் குதித்தால் இரண்டாவது தப்பு, முட்டித் தெறித்து முன்னால் ஓடினால் நாலாவது, காலுக்கடியில் சிக்கினால் மூன்றாவது. இப்படிக் காரணத்தையும் விளைவையும் முடிச்சுப் போட்டு வைத்திருந்தால், "சரியா நிறுத்துடா" என்று கத்தாமல் "கையை முன்னால கொண்டா" என்று ஒரே சொல்லில் திருத்தலாம்.

அளவு இதுதான்: 5 மீட்டர் தூரத்திலிருந்து புஷ் (ஸ்டிக்கை ஓங்காமல் பந்தைத் தள்ளுவது), பத்துப் பந்து. எட்டு சுத்தமாக நின்றால் 8 மீட்டர். அங்கேயும் எட்டு வந்தால் பக்கவாட்டில் ஓடிக்கொண்டே நிறுத்த விடுங்கள். எட்டுக்குக் கீழே இருக்கும்போது தூரத்தைக் கூட்டினால், பையன் தவறான பழக்கத்தை வேகமாகப் படித்துக்கொள்வான்.

நம் சரளைக் கிரவுண்டுக்குத் தனி விதி ஒன்று உண்டு. செம்மண்ணில் பந்து பக்கவாட்டில் விலகும். நேராக நிமிர்த்திப் பிடித்த ஸ்டிக்கின் அகலம் அதற்குப் போதாது. முட்டியை நன்றாக மடக்கி, ஸ்டிக்கைத் தரையோடு படுக்க வைத்து நிறுத்தும் பழைய முறையைச் சிறு பிள்ளைகளுக்கு முதலில் சொல்லிக்கொடுங்கள். மேலே எகிறும் பந்து முழங்காலுக்குக் கீழே வரும், ஷின் கார்டு இல்லாமல் யாரையும் இறக்காதீர்கள். ஸ்டிக் நீளத்தைக் கடைக்காரர் சொல்வதை வைத்து முடிவு செய்ய வேண்டாம். பையன் முன்னால் தரையில் நிறுத்தினால் இடுப்பெலும்பு வரை வர வேண்டும். "வளர்ற பிள்ளை" என்று பெரிய ஸ்டிக் வாங்கினால், கைப்பிடி வயிற்றில் இடித்து இடித்துக் குனியவே மறுப்பான்.

கிரவுண்டைத் தயார் செய்வது

முழு மைதானம் 91.4 மீட்டர் நீளம், 55 மீட்டர் அகலம். கிடைக்காது என்றால் பாதியைப் போடுங்கள், கோலுக்கு முன்னால் ஒரு டி (கோல் அடிக்கக்கூடிய வளைவுப் பகுதி), ஒரு 22.9 மீட்டர் கோடு போதும். டி-யை வட்டமாக இழுத்துக் கெடுப்பவர்கள்தான் அதிகம். கோல் போஸ்ட் இரண்டுக்கும் நடுவே 3.66 மீட்டர். ஒவ்வொரு போஸ்டின் உட்புற முன்மூலையிலும் டேப்பைப் பிடித்து, 14.63 மீட்டரில் தனித்தனியாகக் கால்வட்டம் இழுக்க வேண்டும். பிறகு இரண்டு வளைவையும் உச்சியில் 3.66 மீட்டர் நேர்கோட்டால் இணைக்க வேண்டும். கயிறு இழுபடும், அதனால் டேப்பால் இன்னொரு முறை அளந்துவிட்டுச் சுண்ணாம்பு போடுங்கள். பெனால்டி ஸ்பாட் 6.4 மீட்டரில். கோலுக்குப் பின்னால் 46 செ.மீ. உயரப் பலகை கட்டாயம், அது எழுப்பும் சத்தத்துக்காகவே பிள்ளைகள் கீழாக அடிப்பார்கள்.

சரளையைப் பயிற்சிக்கு முன் பத்து நிமிடம் எல்லோரும் வரிசையாக நடந்து பொறுக்க வேண்டும். முந்தின மாலை தண்ணீர் தெளித்தால் புழுதி அடங்கும், பந்தும் குறைவாகக் குதிக்கும். ஊருணித் தண்ணீரை ஊர்ப் பெரியவர்களைக் கேட்காமல் எடுக்காதீர்கள்.

இருபது பிள்ளைகளுக்கு 24 பந்து, உதிரியாக 4 ஸ்டிக், 16 கூம்பு, இரண்டு நிறத்தில் 20 பிப். பணம் குறைவென்றால் முதல் செலவு கோல் கீப்பர் சாமான்தான்: ஹெல்மெட், மார்புக் கவசம், இடுப்புக் கவசம், கையுறை, கால் பேட், பாதத்துக்குக் கிக்கர். பந்து 156 முதல் 163 கிராம் எடையுள்ள கெட்டிப் பொருள். ஹெல்மெட் இல்லாத கீப்பரை நோக்கி ஷாட் பயிற்சி நடத்தவே கூடாது.

90 நிமிடத்தைப் பிரிப்பது

வார்ம் அப் 12 நிமிடம், ஸ்டாப்பிங்-புஷ் 20, நாலுக்கு நாலு சிறு ஆட்டம் 25, ஷார்ட் கார்னர் (பின்கோட்டிலிருந்து தள்ளும் பந்தை நிறுத்திக் கோலுக்கு அடிக்கும் பெனால்டி கார்னர்) 15, முழு அணி ஆட்டம் 10, கடைசி 8 நிமிடம் உடலைத் தளர்த்துவது. நீங்கள் பேசும் நேரம் ஒரு தடவைக்கு ஒரு நிமிடத்தைத் தாண்டக் கூடாது. சிறு ஆட்டத்தில் நீங்களும் இறங்காதீர்கள். இறங்கினால் எல்லோரும் உங்களுக்கே பாஸ் கொடுப்பார்கள், நீங்கள் பார்க்க வேண்டியதை யாரும் பார்க்கமாட்டார்கள்.

பள்ளி மேட்ச்களை முடிவு செய்வது பெரும்பாலும் ஷார்ட் கார்னர். வழக்கமான தவறு, அடிப்பவனுக்கு நூறு ஷாட் கொடுத்துவிட்டு, உள்ளே தள்ளுபவனை மறந்துவிடுவது. போஸ்டிலிருந்து 10 மீட்டர் தள்ளி நின்று தள்ளும் அந்த முதல் பந்து குதித்தால், மீதி எதுவும் நடக்காது. தினமும் 20 தள்ளல், அந்தப் பந்தை நிறுத்தும் ஸ்டாப்பரின் ஸ்டிக் நிற்கும் இடத்தில் இரண்டு கூம்பு, நடுவே ஒரு மீட்டர் இடைவெளி. எத்தனை உள்ளே போயின என்பதைப் பேரேட்டில் எழுதுங்கள். பந்து டி-க்கு வெளியே போய்த்தான் திரும்ப வர வேண்டும். முதல் ஷாட் ஓங்கி அடிக்கும் ஹிட்டாக இருந்தால், கோல் கோட்டைத் தாண்டும்போது 46 செ.மீ.க்கு மேல் போகக் கூடாது. பள்ளி அளவில் டிராக் ஃபிளிக்கை (பந்தை ஸ்டிக்கால் இழுத்துத் தூக்கி எறிவது) அவசரப்பட்டுத் தொடாதீர்கள், வளரும் முதுகில் அது பாரமாக இறங்கும்.

சித்திரை, வைகாசியில் காலை 6 முதல் 8 வரைதான். இருபது நிமிடத்துக்கு ஒருமுறை தண்ணீர். ஒரு லிட்டர் கொதித்து ஆறிய தண்ணீரில் ஆறு தலைதட்டிய டீஸ்பூன் சர்க்கரை, அரை டீஸ்பூன் உப்பு கலந்து தனிக் குடத்தில் வைத்திருங்கள். வெயிலில் ஒரு பிள்ளை குழறிப் பேசினாலோ தள்ளாடினாலோ உடனே நிழலுக்குக் கொண்டுபோய், ஈரத்துணியும் விசிறியுமாகக் குளிரவைத்துக்கொண்டே 108ஐ அழையுங்கள். தலையில் பந்து பட்டவர் "ஒண்ணுமில்ல சார்" என்று சொன்னாலும் அன்றைக்கு மறுபடி ஆடக் கூடாது, டாக்டர் பார்த்த பிறகே திரும்ப வரலாம்.

சான்றிதழும் சம்பளமும்

பள்ளியில் நிரந்தர பி.இ.டி. வேலை வேண்டுமென்றால் பி.பி.எட். போன்ற உடற்கல்விப் படிப்பு வேண்டும். காரைக்குடியிலேயே அழகப்பா பல்கலைக்கழக உடற்கல்விக் கல்லூரி இருக்கிறது. கோச் வேலைக்குப் பாட்டியாலாவின் தேசிய விளையாட்டு நிறுவனம் (என்.ஐ.எஸ்.) நடத்தும் ஒரு வருட டிப்ளமாவுக்குத்தான் மதிப்பு அதிகம், ஆறு வாரச் சான்றிதழ் வகுப்பும் உண்டு. ஹாக்கி இந்தியா நடத்தும் பேசிக், லெவல் 1, லெவல் 2 என்ற படிகளில் பேசிக்கை அடுத்தாள் வருடத்திலேயே முடித்துவிடுங்கள். ஆடிய காலத்துச் சான்றிதழ்களின் அசல், மாவட்ட, மாநில அணிக் கடிதங்கள் எல்லாம் ஒரே கோப்பில் இருக்கட்டும். விண்ணப்பம் தள்ளுபடியாவது பெரும்பாலும் அவை கிடைக்காததால்தான்.

தனியார் பள்ளிக்குப் பேசப் போனால் கரஸ்பாண்டன்டிடம் மூன்றை எழுத்தில் கேளுங்கள்: வாரத்துக்கு எத்தனை நாள், போட்டிப் பயணச் செலவு யாருடையது, பந்தும் ஸ்டிக்கும் தேய்ந்தால் மாற்றுவது யார். சம்பளத்தை மட்டும் பேசிவிட்டு வந்தவர்கள், ஐப்பசி மழையில் கிரவுண்டு மூழ்கும் மாதத்தில் சம்பளம் உண்டா இல்லையா என்று மல்லுக்கட்டுவார்கள். அதையும் முன்னாலேயே பேசிவிடுங்கள்.

முதல் முறை டர்ஃபுக்குப் போகும்போது

சரளையில் வளர்ந்த அணி மதுரை டர்ஃபில் (செயற்கைப் புல் தளத்தில்) முதல் கால் மணி நேரம் திணறும். 2025 ஜூனியர் உலகக் கோப்பை ஆட்டங்கள் நடந்த ஊர் அது. தண்ணீர் விட்ட தளத்தில் பந்து குதிக்காது, வழுக்கிக்கொண்டு வேகமாக வரும். ஸ்டிக்கைப் படுக்க வைக்கக் குனியும் நேரத்தில் பந்து தாண்டிப் போய்விடும், அதனால் நிமிர்ந்த ஸ்டாப்பிங்கை ஒரு மாதம் முன்பே தொடங்குங்கள். சிமெண்டு தரையில் பழகலாம், ஆனால் ஸ்டிக் முனையில் டேப் சுற்றாவிட்டால் ஒரே வாரத்தில் நார் வெளியே வந்துவிடும். முடிந்தால் போட்டிக்கு முந்தின நாளே போய் ஒரு மணி நேரம் டர்ஃபில் இறக்குங்கள். ஓட்டமும் ஷாட்டும் அப்புறம். முதல் அரை மணி நேரம் வெறும் புஷ்ஷும் ஸ்டாப்பிங்கும், 5 மீட்டரில் பத்துப் பந்து, எட்டு வரும்வரை.