நிலத் தகராறில் '145' போடும்போது பலர் சறுக்கும் இடங்கள்

காலையில் வயலுக்குப் போய்ப் பார்த்தால், ராத்திரியோடு ராத்திரியாக யாரோ கல் ஊன்றி முள்கம்பி கட்டியிருக்கிறார்கள். கேட்கப் போனால் அரிவாளைத் தூக்குகிறார்கள். அப்போது விவரம் தெரிந்த ஒருவர், "ஆர்.டி.ஓ.கிட்ட 145 போடுங்க" என்பார். நல்ல யோசனைதான். ஆனால் அது எதற்கான வழி என்று தெரியாமல் போய், நியாயம் தன் பக்கம் இருந்தும் வெறுங்கையோடு திரும்புகிறவர்கள் இருக்கிறார்கள். அது வருத்தமான விஷயம்.

145 என்பது 1973-ஆம் ஆண்டின் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் இருந்த பிரிவு. 2024 ஜூலை 1 முதல் அதன் இடத்தில் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா வந்துவிட்டது. அதில் இது 164-ஆவது பிரிவு. பேச்சில் 145 என்றே இருக்கட்டும், மனுவில் புது எண்ணை எழுதுங்கள். நிலமோ நீரோ சம்பந்தமான தகராறால் அடிதடி வரும் நிலை இருந்தால், நிர்வாக நடுவர் இரு தரப்பையும் அழைத்து விசாரிக்கலாம். தமிழ்நாட்டில் பெரும்பாலும் வருவாய் கோட்டாட்சியர்தான் (ஆர்.டி.ஓ. என்பது இவரைத்தான்) இதை விசாரிப்பார். கட்டடம், பயிர், வாடகை வருமானம் எல்லாமே இதில் அடங்கும்.

பெரிய தவறு, பத்திரத்தை மட்டும் நம்பிப் போவது. கோட்டாட்சியர் பார்ப்பது ஒன்றைத்தான்: இடம் யாருடைய அனுபவத்தில் இருந்தது? யாருக்குச் சொந்தம் என்பதை அவர் தீர்மானிக்க முடியாது, அது உரிமையியல் நீதிமன்றத்தின் வேலை. தாத்தா காலத்துக் கிரயப் பத்திரம் கையில் இருந்தாலும், போன போகம் யார் நடவு செய்தார் என்பதற்குச் சான்று இல்லாவிட்டால் சிரமம். அடங்கல் (கிராம நிர்வாக அலுவலரின் பயிர்க் கணக்கு), மின் கட்டண ரசீது, வீட்டு வரி ரசீது, நெல் போட்ட ரசீது, பக்கத்து நிலத்துக்காரரின் சாட்சியம், தேதி தெரியும் புகைப்படம் இவற்றைச் சேகரியுங்கள். பத்திரமும் பட்டாவும் இவற்றுக்குத் துணையாக இருக்கட்டும்.

அதே காரணத்தால், 145-இல் ஜெயித்தவர் நிலம் தனக்கே சொந்தமாகிவிட்டது என்று நினைப்பதும் தவறு. தோற்றவர் எல்லாம் போச்சு என்று இடிந்து உட்காரவும் வேண்டாம். உரிமையியல் நீதிமன்றம் முடிவு சொல்லும்வரைதான் அந்த உத்தரவு நிற்கும்.

அடுத்தது நாள் கணக்கு. இதில் ஏமாந்தவர்கள் அதிகம் என்பதால் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன். உங்களைப் பலவந்தமாக வெளியேற்றிவிட்டார்கள் என்றால், சட்டம் ஒரு சலுகை தருகிறது. வெளியேற்றியது, காவல்துறை அறிக்கையோ வேறு தகவலோ நடுவர் கைக்குக் கிடைத்த தேதிக்கு முந்தைய 2 மாதத்துக்குள் நடந்திருந்தால், இடம் இன்னும் உங்கள் அனுபவத்தில் இருப்பதாகவே அவர் எடுத்துக்கொள்ளலாம். கவனியுங்கள், கணக்கு நடுவர் கைக்குக் கிடைத்த தேதியிலிருந்துதான். காவல் நிலையத்தில் நீங்கள் புகார் கொடுத்த தேதி இதற்கு உதவாது. புகாரைப் பெற்றதற்குக் காவல் நிலையம் தரும் சி.எஸ்.ஆர். ரசீது வாங்கிவிட்டோம் என்ற நிம்மதியில், "இன்ஸ்பெக்டர் பேசி முடிக்கிறேன்னு சொல்லியிருக்கார்" என்று காத்திருந்து 2 மாதத்தைத் தொலைத்துவிடுகிறார்கள். புகார் கொடுத்த கையோடு கோட்டாட்சியர் அலுவலகத்திலும் நேராக மனு கொடுத்து, தேதி முத்திரையோடு நகல் வாங்கிக்கொள்ளுங்கள்.

மனு எழுதும்போது, சண்டை மூளும் அபாயத்தைச் சொல்ல மறந்துவிடுகிறார்கள். முழுப் பக்கமும் பரம்பரைச் சொத்துக் கதையாகவே இருக்கும். அமைதி குலையும் என்று நடுவர் நம்பினால்தான் அவருக்கு அதிகாரமே வருகிறது. எந்தத் தேதியில், யார் வந்தார்கள், என்ன ஆயுதம், என்ன மிரட்டல் என்று நடந்ததை நடந்தபடி எழுதுங்கள். கூட்டி எழுதினால் குறுக்கு விசாரணையில் உண்மையும் சேர்ந்து அடிபடும்.

அதே இடத்தின் சுவாதீனம், அதாவது அனுபவம், பற்றி ஏற்கெனவே சிவில் வழக்கு நடந்தால், இந்த வழி பெரும்பாலும் அடைபட்டுவிடும். இணையாக 145 நடத்துவது சரியல்ல என்று ராம் சுமேர் புரி மகந்த் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. தடையாணையை அந்த வழக்கிலேயே கேளுங்கள். அண்ணன் தம்பி இன்னும் பிரிக்காமல் கூட்டாக அனுபவிக்கும் சொத்துக்கும் இது பொருந்தாது, பாகப்பிரிவினை வழக்குத்தான் சரி.

ஜப்தியையும் எதிர்பார்க்க வேண்டும். யார் அனுபவத்தில் இருந்தது என்று முடிவுக்கு வர முடியாவிட்டாலோ, நிலைமை மிக அவசரம் என்றாலோ, 165-ஆவது பிரிவின்படி நடுவர் இடத்தையே ஜப்தி செய்யலாம். பிறகு இருவருமே உள்ளே கால் வைக்க முடியாது. விளைந்து நிற்கும் பயிர் அழுகிப்போகும் என்றால் அதை விற்க உத்தரவிடும்படி உடனே கேளுங்கள், சட்டத்தில் அதற்கு இடம் இருக்கிறது.

பாதை, வாய்க்கால் தகராறுக்கு வேறு பிரிவு: 166. அதில் அறிக்கையோ தகவலோ நடுவர் கைக்குக் கிடைத்த தேதிக்கு முந்தைய 3 மாதத்துக்குள் அந்த உரிமையைப் பயன்படுத்தியிருக்க வேண்டும். பருவத்துக்கு மட்டும் வரும் தண்ணீர் என்றால், கடைசிப் பருவத்தில் பாய்ச்சியிருக்க வேண்டும்.

கோபத்தில் ஆள் சேர்த்துக்கொண்டு போய் வேலியைப் பிடுங்காதீர்கள். அதுவரை பாதிக்கப்பட்டவராக இருந்த நீங்கள் அன்றைக்கே குற்றம் சாட்டப்பட்டவராகிவிடுவீர்கள். அமைதி காப்பதாக 126-ஆவது பிரிவின்படி, ஓராண்டு வரைக்கும், உங்களிடமே பிணைப்பத்திரம் கேட்க முடியும்.

சரி, 2 மாதம் தாண்டிவிட்டது, என்ன செய்வது? 1963-ஆம் ஆண்டின் குறிப்பிட்ட பரிகாரச் சட்டத்தில் 6-ஆவது பிரிவு இருக்கிறது. சட்டப்படி இல்லாமல் வெளியேற்றப்பட்டவர், அன்றிலிருந்து 6 மாதத்துக்குள் உரிமையியல் நீதிமன்றத்தில் வழக்குப் போட்டு இடத்தைத் திரும்பக் கேட்கலாம். அதிலும் பத்திரம் யார் பெயரில் என்ற கேள்வி எழாது. அரசுக்கு எதிராக மட்டும் இந்தப் பிரிவைப் பயன்படுத்த முடியாது.